கரையில் நின்றவர்கள்

மில்டூரா, ஆஸ்திரேலியா
9 மார்ச் 2025

அன்பான அண்ணைக்கு,

நான் இங்கே சுகமாக இருக்கிறேன். நீங்கள் சுகமில்லை என்று தெரிந்துகொண்டே வழக்கம்போல நலம் கேட்டு எழுதக் கை வரவில்லை. சீனி வருத்தத்தால் உங்கள் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள் என்று திரேசம்மா மச்சாள் போனில் சொன்னார். அதற்குப் பிறகு நீங்கள் வாசலைத் தாண்டவில்லை, செயற்கைக் காலுக்கு அளவெடுக்கக் கூப்பிட்டும் போகவில்லை என்றும் சொன்னார். நான் போன் எடுத்தால் இரண்டு வார்த்தையில் நமக்குள் சண்டை வந்துவிடுகிறது. அதனால்தான் எழுதுகிறேன். கடிதத்தைப் பாதியில் துண்டிக்க முடியாது. கிழிக்கத்தான் முடியும்.

திராட்சைத் தோட்ட வேலை முடிந்துவிட்டது. இப்போது ஓர் ஒப்பந்தக்காரரோடு முங்கோ ஏரி என்ற இடத்துக்குப் போய், பார்க்க வருகிறவர்கள் நடக்கும் மரப்பாதையைத் திருத்துகிறேன். செம்மண் தெருவில் நெடுந்தூரம் போக வேண்டும். ஏரி என்றுதான் பெயர், ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. பதினையாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக வற்றிக் கிடக்கிறதாம். ஒரு பக்கம் முழுக்க வெள்ளை மணல்மேடு. காற்று அதைக் கொஞ்சம் கொஞ்சமாக அரிக்க, உள்ளே இருந்து பழைய மனிதர்களின் அடுப்பும் எலும்பும் வெளியே வருகின்றன.

அங்கே காவல் பொறுப்பில் இருப்பவர் றூத் என்ற அம்மா. அந்த மண்ணின் ஆதிக்குடிகளில் ஒருவர். நான் மீன்பிடிக் குடும்பம் என்று சொன்னதும் ஒரு பழைய அடுப்பைக் காட்டினார். கரிக்குள் மீன் தலைக்கற்கள் கிடக்கின்றன, அண்ணை. நாம் கூறல் மீன் தலையை உடைத்து எடுத்து விளையாடுவோமே, அதே வெள்ளைக் கல். நாற்பதாயிரம் ஆண்டுகளுக்கு முன்பிருந்தே அந்தக் கரையில் ஆட்கள் மீன் சுட்டுத் தின்றிருக்கிறார்கள். சில இடங்களில் கற்களெல்லாம் கிட்டத்தட்ட ஒரே அளவாம். அதனால் வலை போட்டிருக்கலாம் என்று ஆராய்ச்சியாளர்கள் சொல்கிறார்களாம்.

அதைக் கேட்டவுடன் உங்களிடம் சொல்ல வேண்டும் என்றுதான் தோன்றியது. வேறு யாரிடம் சொல்வேன்?

உங்கள் தம்பி,
லெனாட்

---

குருநகர்
2 ஏப்ரல் 2025

தம்பி லெனாட்டுக்கு, யாகோப்பு எழுதுவது.

கடிதத்தைக் கிழிக்கவில்லை. திரேசம்மா எடுத்து வைத்துக்கொண்டாள், அதனால் தப்பியது. காலைப் பற்றி இனி எழுதாதே. எல்லாரும் அதைப் பற்றித்தான் கதைக்கிறார்கள். கோயில் பங்கிலிருந்து வருகிறவர்கள் என் முகத்தைப் பார்ப்பதற்கு முன் நான் கட்டியிருக்கிற சாரத்தின் கீழ்ப்பக்கத்தைத்தான் பார்க்கிறார்கள்.

தலைக்கல் ஒரே அளவு என்றால் அவர்கள் சொல்வது சரியாக இருக்கலாம். கண் ஒரே அளவாக முடிந்த வலையில் சின்ன மீன் தப்பிவிடும், பெரியது தலையை நுழைக்காது. நடுத்தரமானதுதான் செவுளில் மாட்டும். ஆனால் நாற்பதாயிரம் ஆண்டு என்கிறாயே, பூச்சியத்தைக் கூட்டிப் போட்டுவிட்டாயோ? எனக்கு அது தலைக்குள் ஏறவில்லை. நம்முடைய கோயில் கட்டி எத்தனை ஆண்டு இருக்கும்? யேசுநாதர் பிறந்தே இரண்டாயிரம்தானே.

நூல் எதில் திரித்தார்கள் என்று கேட்டு எழுது. பருத்தி இருந்திருக்காது, பனையும் இராது. என்னோடு கடல் தொழில் செய்த சூசைதாசன் வந்திருந்தான். அவனுக்கு உன் கடிதத்தை வாசித்தேன். "உந்தக் கதை உண்மையெண்டால், அண்ணை, நாங்கள் நேற்றுத்தான் வலை பிடிச்சனாங்கள்," என்றான். ஒரு வேலைக்காகப் போகிற வழியில் எட்டிப் பார்த்தவன், பிறகு வேலைக்கே போகவில்லை.

சோளகக் காற்று தொடங்கப் போகிறது. வேறு விசேஷம் இல்லை.

யாகோப்பு

---

மில்டூரா
27 ஏப்ரல் 2025

அன்பான அண்ணைக்கு,

உங்கள் கையெழுத்தைப் பார்த்து எத்தனை காலம். உறையைத் திறக்காமலே கொஞ்ச நேரம் வைத்திருந்தேன்.

பூச்சியம் சரிதான், அண்ணை. நானும் திரும்பக் கேட்டேன். நூலைப் பற்றி றூத் சொன்னது: அவருடைய முன்னோர் ஆற்றங்கரைக் கோரையின் கிழங்கை மென்று, சத்தை விழுங்கிவிட்டு, மிஞ்சிய நாரைத் தொடையில் வைத்து உருட்டித் திரிப்பார்களாம். ஆனால் அத்தனை காலத்துக்கு முன் எது நூலாக இருந்தது என்று யாருக்கும் தெரியாது. நூல் உக்கிப் போய்விடும், கல்தான் மிஞ்சும் என்றார்.

இன்னொன்று எழுத வேண்டும். காலைப் பற்றி எழுதாதே என்றீர்கள். நான் எழுதப்போவது உங்கள் காலைப் பற்றி அல்ல.

இந்த ஏரிகளுக்கு நடுவே ஓர் இடத்தில் களிமண் தரையில் மனிதர்களின் காலடிகள் நூற்றுக்கணக்கில் பதிந்திருக்கின்றன. இருபதாயிரம் ஆண்டு பழையவை. ஆதிக்குடிப் பெண் ஒருத்திதான் முதலில் கண்டாளாம். கெட்டுப்போகாமல் இருக்கத் திரும்பவும் மணலால் மூடிவிட்டார்கள். அச்செடுத்த பிரதியைத்தான் நாம் பார்க்கலாம். சேற்றில் பெருவிரல் வழுக்கிய கோடுகூடத் தெரிகிறது. ஒரு சின்னப் பிள்ளை கூட்டத்தை விட்டு விலகி, திரும்பிக் கூட்டத்தோடு சேர்ந்திருக்கிறது. அதைப் பார்த்தபோது யாரோ "இங்கை வா" என்று கூப்பிட்டது என் காதில் கேட்டதுபோல இருந்தது.

அந்தத் தடங்களில் ஒரு வரிசை வலது கால் மட்டும். இடது காலே இல்லை. ஆராய்ச்சியாளர்கள் குழம்பிப்போய், பாலைவனத்திலிருந்து தடம் பார்ப்பதில் தேர்ந்த ஆதிக்குடி ஆட்களைக் கூட்டிவந்தார்களாம். அவர்கள் பார்த்தவுடன் சொல்லிவிட்டார்கள், இவன் ஒற்றைக் கால்காரன், துள்ளித் துள்ளிப் போகிறான் என்று. அவர்களுடைய ஊரிலும் அப்படி ஒருவர் இருந்தாராம். எவ்வளவு வேகம் என்பதில் ஆளுக்கொரு கணக்குச் சொல்கிறார்கள். ஆனால் ஆள் தயங்கிப் போகவில்லை என்பதில் எல்லாருக்கும் ஒரே கருத்து.

இதை எழுதலாமா வேண்டாமா என்று பல நாள் யோசித்தேன். கோபம் என்றால் திட்டி எழுதுங்கள். எழுதாமல் மட்டும் விடாதீர்கள்.

அன்புடன்,
லெனாட்

---

குருநகர்
25 மே 2025

தம்பிக்கு,

என்னை எழுப்புவதற்காக நீ கட்டிய கதை என்றுதான் முதலில் நினைத்தேன். நல்ல கோபம் வந்தது. திரேசம்மா தன் போனில் தேடி அந்தத் தடத்தின் படத்தை எடுத்துத் தந்தாள். தந்துவிட்டுக் குசினிக்குள் போய்விட்டாள். நான் அதைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன். விரல்கள் அகன்று, குதி ஆழமாக. தண்ணீர் வற்றி இறங்குகிற வத்து நேரத்தில் நம்முடைய கடலுக்குள் நடந்து போனால் விழுகிற தடம்போலவே இருக்கிறது. நேற்றுப் போனவன்போல.

நீங்கள் எல்லாரும் அவன் ஓடியதைப் பற்றியே கதைக்கிறீர்கள். நான் வேறொன்றை யோசித்தேன். காலை இழந்தவன் அப்படிப் போக வேண்டும் என்றால் முதலில் பிழைத்திருக்க வேண்டும். ஆசுப்பத்திரி இல்லை, மருந்து இல்லை. புண் ஆறும்வரை அவன் எங்கேயோ படுத்துத்தான் கிடந்திருப்பான். யாரோ தண்ணீர் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார்கள். ஈ மொய்க்காமல் விசிறியிருக்கிறார்கள். தாங்கள் பிடித்ததில் பங்கு கொடுத்திருக்கிறார்கள். கூட்டம் இடம் மாறும்போது விட்டுவிட்டுப் போகவில்லை. அந்த ஆளுடைய தடத்தை எண்ணுகிறவர்கள் இந்த ஆட்களைப் பற்றி ஏதாவது எழுதியிருக்கிறார்களா? இருபதாயிரம் ஆண்டுக்கு முன்னும் ஒருத்தி இப்படித்தான் முணுமுணுத்துக்கொண்டு எல்லாம் செய்திருப்பாள் என்று நினைத்தபோது, குசினிக்குள் பாத்திரம் உருளும் சத்தம் கேட்டது.

அவளைக் கூப்பிட்டேன். "அந்தக் கால் அளவெடுக்கிற இடத்திலை என்ன கிழமை வரச் சொன்னவை?" என்று கேட்டேன்.

"மூண்டு தரம் சொன்னவை. எந்தத் தரத்தைக் கேக்கிறியள்?" என்றாள். அழுதாள் என்று நினைக்கிறேன். வெங்காயம் என்று சொன்னாள்.

புதன்கிழமை போகிறேன். இதைப் பெரிதுபடுத்தி எழுதாதே.

இவர்கள் அந்த நாட்டுக்கு முதலில் எப்படி வந்தார்கள்? நடந்தா, கடலாலா? சூசைதாசன் தினமும் கேட்கிறான்.

யாகோப்பு

---

மில்டூரா
22 ஜூன் 2025

அன்பான அண்ணைக்கு,

பெரிதுபடுத்தவில்லை. சந்தோஷம் என்று மட்டும் எழுதுகிறேன்.

கடலால்தான், அண்ணை. ஐம்பதாயிரம் ஆண்டுக்கு முன்னர் என்கிறார்கள், அறுபத்தையாயிரம் என்பவர்களும் உண்டு. அந்தக் காலத்தில் உலகத்துத் தண்ணீரில் பெரும் பங்கு பனியாக உறைந்து கிடந்ததால் கடல் தாழ்ந்திருந்தது. கடல் மிகவும் தாழ்ந்த காலங்களில் நம்முடைய ஊருக்கும் இந்தியாவுக்கும் நடுவே கடலே இல்லையாம். நீங்களும் அப்பாவும் வலை போட்ட இடமெல்லாம் தரை. மான் மேய்ந்திருக்கும். ஆனால் ஆஸ்திரேலியாவுக்கு அப்போதும் நடந்து வர முடியாது. நடுவில் ஆழக்கடல் இருந்தது. எந்த வழியால் வந்தாலும் ஒரே தாண்டலில் தொண்ணூறு கிலோமீற்றர் அளவு கடக்க வேண்டும். மூங்கில் தெப்பமாக இருக்கலாம், யாருக்கும் தெரியாது. பெண்களும் பிள்ளைகளும் கூட்டமாக வந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் இனம் பெருகியிருக்காது என்கிறார்கள்.

இதை றூத்திடம் சொன்னேன். "ஆராய்ச்சியாளர்கள் அப்படிச் சொல்கிறார்கள். நாங்கள் எப்போதும் இங்கேதான் இருந்தோம் என்று எங்கள் பெரியவர்கள் சொல்கிறார்கள்," என்றார். பிறகு, "நீயும் படகில்தானே வந்தாய்? உன்னை இங்கே யாராவது அறிமுகம் செய்தார்களா?" என்று கேட்டார். எனக்குக் கேள்வி விளங்கவில்லை. என் கையைப் பிடித்து மணல்மேட்டைப் பார்க்க நிறுத்தினார். அந்த வெளியை நோக்கி, தூரத்தில் நிற்கும் சொந்தக்காரரைக் கூப்பிடுவதுபோல, உரத்த குரலில் தன் மொழியில் சொன்னார். பிறகு எனக்கு விளங்கும்படி ஆங்கிலத்தில் சொன்னார்: "இவன் லெனாட். கடலுக்கு அப்பாலிருந்து வந்தவன். மீன்பிடிக்கிற ஆட்கள். நல்ல மனத்தோடு வந்திருக்கிறான், பார்த்துக்கொள்ளுங்கள்."

பதின்மூன்று வருடமாகப் போகிறது, அண்ணை. இந்த நாட்டின் அலுவலகங்கள் இன்னும் என்னை ஏற்கவில்லை. மாதக்கணக்கில் புதுப்பிக்கிற விசாதான். அந்த மண்ணில் இறந்தவர்களிடம் என் பெயரை ஒருவர் சொன்னபோது தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றேன். காற்று மட்டும்தான் வீசியது. ஆனால் யாரோ கேட்டார்கள் என்று நம்பினேன்.

அம்மா இறந்த செய்தியை, படகில் வந்த எங்களைத் தடுத்துவைத்த முகாமிலிருந்து எடுத்த முதல் போனில்தான் அறிந்தேன். அதற்குப் பிறகு நீங்கள் என்னோடு ஒழுங்காகக் கதைக்கவில்லை. உங்களையும் அப்படி இழக்க எனக்கு விருப்பமில்லை. நாடு திரும்ப விரும்பினால் அனுப்பிவைக்கிறோம் என்று ஒரு தாள் தந்திருக்கிறார்கள். கையெழுத்துப் போட்டால் வரலாம். பிறகு ஒருபோதும் இங்கே திரும்ப முடியாது. போடலாம் என்று இருக்கிறேன். உங்களுக்குக் கை உதவிக்கு ஆள் வேண்டும். உங்கள் பதில் வந்ததும் முடிவு செய்வேன்.

அன்புடன்,
லெனாட்

---

குருநகர்
3 ஆகஸ்ட் 2025

அன்புத் தம்பி லெனாட்டுக்கு,

புதுக் கால் வந்துவிட்டது. தோல் உரசி எரிகிறது. இருந்தாலும் அதைப் போட்டுக்கொண்டு சூசைதாசனின் படகில் ஏறினேன். அவனும் இன்னொருத்தனும் அக்குளில் பிடித்து ஏற்றினார்கள். வெட்கமாக இருந்தது, ஏறிவிட்டேன்.

"எங்கை போறது?" என்று கேட்டான்.

"கரை தெரியாத இடத்துக்கு," என்றேன்.

"சோளகக் கடல், அண்ணை. அங்கை இப்ப மீனும் இல்லை."

"மீனுக்கு ஆர் போறது?"

நெடுந்தீவைத் தாண்டிப் போனோம். பனை உச்சிகள் ஒவ்வொன்றாகத் தண்ணீருக்குள் இறங்கின. கடைசியில் ஒன்றும் இல்லை. ஐம்பது வருடம் கடலில் திரிந்தவன் நான். கரை மறைவது எனக்குப் புதிதல்ல. ஆனால் அதற்குப் பின்னால் எப்போதும் வீடு இருந்தது. முன்னால் என்ன இருக்கிறது என்று தெரியாமல், பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு தெப்பத்தில் இருந்த ஒருத்தியை நினைத்தேன். பிறகு உன்னை நினைத்தேன். நீ ஏறிப் போன அந்த றோலர் படகில் எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டு இருந்தாயோ என்று இத்தனை வருடத்தில் நான் ஒருநாளும் யோசித்ததில்லை.

"திருப்புவமோ?" என்று சூசைதாசன் கேட்டபோது தலையாட்டினேன்.

நீ அறியாத ஒன்றைச் சொல்கிறேன். நீ போன பிறகு அம்மா ஒவ்வொரு பின்னேரமும் இறங்குதுறைக்குப் போவார். வருகிற படகுக்காரர் எல்லாரிடமும், "என்ரை பொடியனைக் கண்டனியளோ?" என்று கேட்பார். அவர்கள் பாவம், நெடுந்தீவுவரை போய் வருகிறவர்கள். ஒருவரும் சிரிக்கவில்லை. "இல்லையணை, ஆனால் கடல் நல்லாக் கிடக்கு," என்று சொல்லி அனுப்புவார்கள். உன் போன் வருவதற்குள் அம்மா போய்விட்டார். நீ பிழைத்தாய் என்று கேட்காமலே போனார். என் கோபம் அதுதான். உன்னிடம் சொல்லாமல் உன்மீதே காட்டினேன்.

திரும்பி வரும்போது ஒன்று தோன்றியது. அந்த முதல் ஆட்கள் போன அன்றைக்கும் கரையில் சிலர் நின்றிருப்பார்கள். தெப்பம் மறையும்வரை பார்த்திருப்பார்கள். போனவர்கள் சேர்ந்தார்கள், ஒரு கண்டம் முழுக்கப் பரவினார்கள் என்று இன்றைக்குக் குருநகரில் இருக்கிற எனக்குத் தெரியும். நின்றவர்களுக்கு மட்டும் தெரியாமலே போய்விட்டது. எனக்கு நீ எழுதுகிறாய். நான் கொடுத்து வைத்தவன்.

என் காலுக்காக அந்தத் தாளில் கையெழுத்துப் போடாதே. எனக்குத் தண்ணீர் தர இங்கே ஆட்கள் இருக்கிறார்கள். இங்கே வாழ உனக்கே ஆசை வந்தால் வா, கதவு திறந்திருக்கும். அந்த அம்மா உன்னை அந்த மண்ணுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டார். அது சின்ன விஷயம் இல்லை. அவருக்கு என் வணக்கத்தைச் சொல்.

இன்று பூசை முடிந்ததும் திரேசம்மாவோடு சேமக்காலைக்கு நடந்து போனேன். அம்மாவின் கல்லறைக்கு முன்னால் நின்று, சனம் திரும்பிப் பார்க்கும்படி உரக்கச் சொன்னேன்:

"அம்மா, லெனாட் கரை சேந்திட்டான்."

உன் அண்ணன்,
யாகோப்பு