அந்த ஒரு சுவிட்சை மட்டும் விட்டுவிடுங்கள், வாப்பா

என் அன்பு வாப்பா,

நீங்கள் உறங்கும் கப்ருக்கு என் ஸலாம். இந்த வருடத்துப் பட்ஜெட்டையும் வாசித்துவிட்டார்கள். நீங்கள் இல்லாமல் நாங்கள் கேட்ட முதல் பட்ஜெட்.

ஞாபகம் இருக்கிறதா? பட்ஜெட் நாளில் மட்டும் உப்பளத்திலிருந்து அரை நாளோடு வந்து, ரேடியோவுக்கு முன்னால் கதிரையைப் போட்டு உட்கார்ந்துவிடுவீர்கள். மந்திரி பேசி முடிக்கும் முன்னே எழுந்து, வீட்டிலுள்ள சுவிட்சையெல்லாம் நிறுத்திக்கொண்டு போவீர்கள். "நாட்டுக் கணக்கு கடைசியில நம்மட மீட்டர்லதான் வந்து நிக்கும், மகள்" என்பீர்கள். சரியான கஞ்சன் என்று உங்கள் முகத்துக்கு நேரேயே சிரித்திருக்கிறேன்.

உம்மாவுக்கு இப்போது மூச்சு விட ஒட்சிசன் மெஷின் வேண்டும். புத்தளத்தில் வாடகைக்கு எடுத்தேன். நாள் முழுக்க ஓடுவதால் கரண்ட் பில் ஏறிக்கொண்டே போகிறது. மந்திரி மின்சார மானியத்தைப் பற்றிச் சொல்லத் தொடங்கியதும் உம்மா கண்ணை மூடிக்கொண்டார். நான் கதவைத் திறப்பால் பூட்டி, அதைக் கையோடு எடுத்துக்கொண்டு கடைக்குப் பாண் வாங்கப் போனேன்.

திரும்பி வந்தால் வீட்டில் ஒரு சத்தமும் இல்லை. ஃபேன் நின்றிருந்தது. ஃபிரிட்ஜ் நின்றிருந்தது. மெஷினும். கரண்ட் போகவில்லை வாப்பா, ஒவ்வொரு சுவிட்சும் தனித்தனியாக நிறுத்தப்பட்டிருந்தது. மெஷினின் சுவிட்சைப் போட்டபோது விரலில் உப்பு நெறுநெறுத்தது.

உம்மாவின் உதடு நீலமாகியிருந்தது. மூச்சு சீராகும்வரை கையை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தேன். பயத்தில் எனக்கு அழக்கூட வரவில்லை.

"ஆரு உம்மா வந்த?"

"வாப்பாதான். மெஷின்ல கை வைக்க அவருக்கு மனமில்ல. நாந்தான் கெஞ்சின, அதையும் நிப்பாட்டுங்க எண்டு. நீ எவ்வளவுக்கெண்டு கட்டுவ, மகள்?"

உம்மாவால் தனியாக எழுந்து உட்காரவே முடியாது. சுவிட்ச் இருப்பதோ கதவுப் பக்கம். பள்ளிவாசல் லெப்பையிடம் சொன்னால், பாவமன்னிப்புக் கேட்டு என்னைத் தவ்பா செய்யச் சொல்வார். நானும் இதையெல்லாம் நம்புகிறவள் இல்லை. பிறகு ஏன் உங்களுக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன்?

ஃபேனை நிறுத்துங்கள், லைட்டை நிறுத்துங்கள், கஞ்சன் என்று இனிச் சொல்லமாட்டேன். பில்லை நான் கட்டுவேன், என் காதுத் தோடு போனாலும் கட்டுவேன். இது உங்களுக்குத் தரும் வாக்கு.

உயிரோடு இருந்த காலத்தில் உம்மா சொன்ன ஒன்றையும் நீங்கள் கேட்டதில்லை வாப்பா. இனியும் கேட்காதீர்கள்.

உம்மாவின் பக்கத்திலேயே இருக்கும்,
உங்கள் ஒரே மகள்