பன்றி வண்டி எந்தக் கைப் பக்கம் போனது

வெள்ளி. காலையிலிருந்து தூறல்.
எனக்கு எழுத்து தெரியாது. பேசினால் போனே எழுதிக்கொள்கிறது. மருமகள் கோமதி காட்டிக்கொடுத்தாள்.

நெய்வேலியில் நிலக்கரி வெட்டத் தொடங்கிய சமயம். எங்கள் தெருவுக்குக் கரண்டு வந்ததும் அந்த வருஷம்தான். மஞ்சக்குப்பம் மைதானத்தில் மூங்கில் நட்டு, வெள்ளைத் துணி கட்டி, அமெரிக்காக்காரன் பொம்மைப் படம் போட்டார்கள். பேச்சு கிடையாது. ஒரு கிராமம். பன்றி தொப்பி போட்டுக்கொண்டு வண்டியில். மாட்டுக்குப் பதிலாகக் குடியானவன் இழுப்பான்.

இன்று கோமதி அதே படத்தைப் போனில் தேடி எடுத்துவிட்டாள். தொப்பி, வண்டி, எல்லாம் நான் சொன்னபடியே. ஆனால் வண்டி பீச்சாங்கைப் பக்கம் ஓடுகிறது. நான் பார்த்தது சோத்துக்கைப் பக்கம்.

மகன் சேகர்: "போன மாசம் கேஸ அணைக்க மறந்தீங்க. இப்ப இது." என் சைக்கிளைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டான். இனிமேல் தனியாக வெளியே போகக் கூடாதாம். கேஸ் மறந்தது நிஜம்.

சனி. வெயில். முதுகு வலி, தைலம் தீர்ந்தது.
திட்டக்குடிக்குப் போன். மச்சான் ராசாங்கம், செத்துப்போன என் மனைவியின் அண்ணன். அவனும் அன்று அவன் அப்பாவோடு படம் பார்த்தவன். பீச்சாங்கைதான் என்றான். சரி, பன்றி எங்கே பார்த்துப் போனது?

"கடலப் பாத்துதான். தேவனாம்பட்டினத்துக்கே போவுதுன்னு எங்கப்பா சிரிச்சாரு."

எனக்கும் கடல் பக்கம்தான். கடல் ஒன்று, கை மட்டும் வேறு. எப்படி?

ஞாயிறு. மேகம்.
பல் தேய்க்கும்போது பிடிபட்டது. ஆம்பளைகள் துணிக்கு முன்னால். பொம்பளைகளும் சின்னப் பிள்ளைகளும் பின்னால். மெல்லிசுத் துணி, படம் அந்தப் பக்கமும் தெரியும், கை மாறித் தெரியும். நான் அம்மாவோடு.

ராசாங்கத்திடம் சொன்னேன். "பொம்பளைங்க பக்கமா குந்திக்கினு இருந்த? இத்தினி வருசம் சொல்லவேயில்லியே மச்சான்."

சேகர் நம்பவில்லை. பின்பக்கம் இருந்தவர்கள் யாராவது சொல்லட்டும் என்றான். எங்கள் தெருவிலிருந்து சிதம்பரத்தில் கட்டிக்கொடுத்த அஞ்சலை அக்கா இருக்கிறாள்.

திங்கள். மழை.
சிதம்பரம் பஸ், சேகரோடு.
அங்கே நான் வாயைத் திறக்கக் கூடாது என்று கட்டளை. அவனே கேட்டான். அவள் கண்ணை மூடினாள். சோத்துக்கையை நீட்டினாள்.

"இப்டி போச்சு. ஒங்கப்பன் எழுந்து நின்னு மறைச்சான், தலையில ஒரு கொட்டு வெச்சேன்."

திரும்பும்போது சேகர் சாவியை என் சட்டைப்பையில் போட்டான்.

பின்பக்கம் இருந்தவர்கள். அம்மா, இல்லை. பெரியக்கா, இல்லை. பக்கத்து வீட்டு முனியம்மா, அவள் பெண்கள், இல்லை. என்னை விட்டால் அஞ்சலை அக்கா மட்டும்.