வளைவில் இருந்த காளான்

அன்புள்ள மனைவிக்கு,

நான் சௌக்கியம். உன் முழங்கால் வலி குறைந்ததா? மருமகளிடம் கொடுத்து வாசிக்கச் சொல். ஒவ்வொரு எழுத்தும் நானே எழுதியது. எழுதி முடிக்க மூன்று நாளாயிற்று.

நாங்கள் பறிக்கும் காளானின் வெளிச்சம்தான் குகைக்குள் விளக்கு. அதனால் பாதை வளைவுகளில் முளைத்ததை மட்டும் யாரும் தொடுவதில்லை. எழுதிப் பழக அறையில் வெளிச்சம் போதாமல், அப்படி ஒன்றைக் கிள்ளி வந்துவிட்டேன். மறுநாள் அந்த இருட்டில் என் கூட்டாளி பாறையில் இடித்துக்கொண்டான். பெரிதாக ஒன்றுமில்லை, கொஞ்சம் நொண்டுகிறான்.

“என் மூஞ்சியப் பாத்து காளானே ஓடிப்போச்சு பெருசு” என்று சிரிக்கிறான். கிள்ளியது நான் என்று அவனுக்குத் தெரியாது.

அவனிடம் சொல்ல வாய் வராமல், உண்மையை ஒரு கடிதமாக எழுதிவிட்டேன். முதல் கடிதம் உனக்கு என்று சொல்லியிருந்தேன், அது அவனுக்குப் போகிறது. கோபிக்காதே. ஆனால் அவனுக்குப் படிக்கத் தெரியாது. இங்கே வாசித்துக் காட்ட என்னை விட்டால் ஆளில்லை.

உன் பழைய புடவை ஒன்று அனுப்பு. அவன் காலில் சுற்ற ஒரு துண்டு, என் தலையணைக்கு ஒரு துண்டு.

வேலைக்கு மணி அடிக்கிறது. அவன் நொண்டி வரும் சத்தம் கேட்கிறது. அவனுக்கு எழுதிய கடிதத்தைப் பிரித்துக் கையில் வைத்திருக்கிறேன்.

உன் கணவன்