நதி வேஷம்

செப்டம்பர் 2, செவ்வாய்
இன்றும் ஒத்திகை முழுக்கத் தரையில் கிடந்தேன். நீலச் சேலை, விரித்த தலை, கண்ணீர். இந்தத் தெருநாடகக் குழுவில் சேர்ந்ததிலிருந்து பூமி, காடு, மழை, இப்போது நதி. மனுஷியாக ஒரு வேஷம் கிடைத்ததில்லை. சாயப்பட்டறை முதலாளியாக வருவது நாடகத்தை எழுதி இயக்கும் தலைவர். கைதட்டலும் சிரிப்பும் அவருக்கு. சாயத்தண்ணீர் என் தலைக்கு.

செப்டம்பர் 3
ஞாயிற்றுக்கிழமை நாடகம் அக்கா வேலை செய்யும் பட்டறை வாசலில். விரலிடுக்கில் சிவப்புச் சாயத்தோடு வந்து உட்கார்ந்தாள்.
"ஆடு, பாடு, என்னமோ பண்ணு. நான் உன் அக்கான்னு மட்டும் மூச்சு விடாதே. நாடகக்காரங்களுக்கு உள்ளே யாரு ஆளுன்னு சூப்பர்வைசர் இப்பவே மோப்பம் பிடிச்சுட்டுத் திரியறான். வேலை போச்சுன்னா பிள்ளைங்களுக்கு உன் நாடகத்தையா ஊட்டுவேன்?"
"நீ யாருன்னே எனக்குத் தெரியாது. போதுமா?"
சிரித்துவிட்டாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

செப்டம்பர் 5, வெள்ளி
முதலாளி வேஷம் எனக்கு வேண்டுமென்று கேட்டேன்.
"மீசை வரைஞ்சுக்குவியாம்மா?" குழுவில் ஒரே சிரிப்பு. "நதின்னா தாய். நீ அழுதாத்தான் சனம் நிக்கும்" என்றார் தலைவர்.
என் கடைசி வசனம்: 'நான் தாய், எதையும் பொறுப்பேன்.' எதுக்குய்யா பொறுக்கணும்? பட்டறைக்காரன் நதியில் கொட்டுகிறான், இவர் என் மேல் கொட்டுகிறார் — என்ன பெரிய வித்தியாசம்? பெண்ணுரிமை பற்றி மணிக்கணக்காகப் பேசுகிற வாய். ஊருக்குத்தான் உபதேசம்.

செப்டம்பர் 6
விலகிவிடலாமா? விலகினால் இன்னொருத்தியைப் படுக்கவைப்பார்கள்.

செப்டம்பர் 7, ஞாயிறு
இன்றே எழுதிவிட வேண்டும்.
ஷிப்ட் விடும் நேரம். கூட்டம் வட்டமாக நின்றது. சாயத்தண்ணீரை ஊற்றினார்கள். வசனம் சொல்ல வேண்டிய இடம். எழுந்து நின்றுவிட்டேன். "பொறுக்க மாட்டேன்."
தலைவர் சமாளித்தார். "படும்மா நதியே, படு."
"நீ படு."
பெண்கள் பக்கம் ஒருத்தி விசிலடித்தாள். அதற்குள் சூப்பர்வைசர் வட்டத்துக்குள் வந்து என் கையைப் பிடித்தான். "யாருடி நீ? யார் வீட்டுப் பொண்ணு?"
அக்கா நின்ற பக்கம் நான் திரும்பவில்லை. சத்தியமாகத் திரும்பவில்லை.
"கையை எடு. அவ என் தங்கச்சி."
கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவளேதான் வந்தாள்.

செப்டம்பர் 8
அக்காவைப் பட்டறை வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். "பாவி, இருந்த சோத்துலயும் மண்ணைப் போட்டுட்டியே" என்றாள் அம்மா. தலைவரும் ஆள் அனுப்பிவிட்டார் — இனி வர வேண்டாமாம்.

செப்டம்பர் 21, ஞாயிறு
அக்காவுக்கு இன்னும் வேலை கிடைக்கவில்லை. அம்மா என்னோடு பேசுவதில்லை.
மொட்டை மாடியில் எங்கள் சொந்த நாடகத்துக்கு ஒத்திகை. பட்டறைப் பெண்கள் நாலு பேர், அக்கா, நான். எல்லோருக்கும் முதலாளி வேஷம்தான் வேண்டுமாம், அடிபிடி. நதியாகப் படுக்க ஒருத்தியும் இல்லை. கடைசியில் அக்கா பட்டறைக் கழிவு ஓடும் கால்வாயிலிருந்து ஒரு வாளி மொண்டுவந்து நடுவில் வைத்தாள்.
"இதான் நதி. இதுக்கு வசனம் வேண்டாம்."
மூக்கைப் பொத்திக்கொண்டே எங்கள் வசனங்களைப் பேசினோம்.