பதினெட்டு ஆண்டு என்று நான் சொன்ன ஏழு ஆண்டுக் கொல்லை

அனுப்புநர்:
எவாரிஸ்தோ தப்புயிமா (வயது 61),
ஊர்ச் செயலாளர்,
பூக்கா யாக்கு சிற்றூர்,
லமாஸ் மாகாணம், பெரு.

பெறுநர்:
தலைவர் அவர்கள்,
உர்க்கு மலைக் காப்புக்காட்டு அலுவலகம்.

பொருள்: 2015 மே மாத அளவெடுப்பில் எங்கள் ஊரார் சொன்ன ஆண்டுக் கணக்கு பொய் என்பதால் பதிவைத் திருத்தவும், நேரில் வந்து பார்வையிடவும் கோருவது.

பார்வை: 1. காவலர் அறிக்கை, 22.06.2018.
2. ஊர்க் கூட்டத் தீர்மானம், 01.07.2018 (வருகை: ஒருவர். ஒருமனதாக நிறைவேறியது).

மதிப்பிற்குரிய ஐயா,

1. பதினோரு குடும்பங்கள் இருந்த இந்த ஊரில் இன்று குடியிருப்பவன் நான் ஒருவன்தான். தீர்மானத்தில் முன்மொழிந்தவர், வழிமொழிந்தவர், செயலாளர் ஆகிய மூன்று இடத்திலும் ஒரே கையெழுத்து இருப்பதற்கு அதுவே காரணம். மோசடி ஏதுமில்லை.

2. சென்ற ஜூன் மாதம் என்னுடைய ஆறப்போட்ட கொல்லையில் அரை ஹெக்டேர் வெட்டினேன். வானத்திலிருந்து எடுத்த படத்தில் அது தெரிந்துவிட்டது. காவலர் எர்லின் ஷுபிங்காவா வந்து என் வெட்டுக்கத்தியையும் கோடரியையும் எடுத்துக்கொண்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். "பெரியவரே, எனக்கும் மனசு கேக்கலதான். மேல இருந்து படம் வந்திருக்கு, நான் என்ன பண்றது?" என்றார். எடுத்த பொருளுக்கு ரசீது தந்தார். நான் கொடுத்த மரவள்ளிக் கள்ளை நின்றபடியே குடித்துவிட்டுப் போனார். உட்காரச் சொன்னேன், நேரமில்லை என்றுவிட்டார்.

3. அந்த இடம் தங்கள் பதிவேட்டில் 'முதிர்ந்த காடு' என்று இருக்கிறது. அதை முதிர்ந்த காடாக்கியது மழையோ மண்ணோ அல்ல, என் வாய்தான். அது எப்படி நடந்தது என்று சொல்லவே இம்மனு.

4. எங்கள் வழக்கத்தில் காட்டை வெட்டிச் சுட்டு மூன்று ஆண்டு சோளமும் அவரையும் மரவள்ளியும் போடுவோம். பிறகு அந்த நிலத்தை ஆறப்போட்டுவிட்டு வேறிடம் போவோம். அது மறுபடி மரமாகிக் கறுத்த பிறகே திரும்பி வருவோம். எவ்வளவு காலம் ஆறப்போடுகிறானோ அவ்வளவு பெரிய மனிதன். நான்கே ஆண்டில் திரும்ப வெட்டுகிறவனை அவசரக்குடுக்கை என்பார்கள், பெண் கொடுக்கக்கூட யோசிப்பார்கள். இது தங்கள் அலுவலகத்துக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. எங்களையும் யாரும் கேட்கவில்லை.

5. 2015 மே மாதம் அளவெடுக்க வந்த பொறியாளர் அம்மா, பள்ளிக்கூடத்தில் ஊராரை வரிசையாக உட்காரவைத்து, "உங்க நிலம் எத்தனை வருஷமா வெட்டாம இருக்கு?" என்று கேட்டார். செயலாளர் என்ற முறையில் முதலில் எழுந்தவன் நான். உண்மையில் ஏழு ஆண்டு. சபையில் பெண்கள் எல்லாரும் இருந்தார்கள். பதினெட்டு என்றேன்.

6. அதன் பிறகு யார்தான் ஏழு என்பார்கள்? என் மனைவி லிதியாவின் தம்பி வில்தெர் சங்கமா எழுந்து, "மச்சானோடதே பதினெட்டுன்னா என்னோடது இருபது, எழுதிக்கங்கம்மா" என்றான். அவனுடையது ஆறு ஆண்டுகூட ஆகவில்லை, அவன் வைத்த அன்னாசி அப்போதும் காய்த்துக்கொண்டிருந்தது. அசுன்சியோன் இஷ்விசா கிழவர் அறுபத்தைந்து என்றார். "தாத்தா, அப்ப உங்களுக்குக் கோமணம் கட்டத் தெரியுமா?" என்று யாரோ கேட்க, ஊரே சிரித்தது. அந்த அம்மாவும் சிரித்தார். சிரித்தபடியே எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார். இந்த ஊரில் நான் கேட்ட கடைசிப் பெரிய சிரிப்பு அதுதான் ஐயா.

7. பத்து ஆண்டுக்கு மேல் வெட்டப்படாதது காடு, அதில் கத்தி வைக்கக் கூடாது என்ற விதி, பலகையாக ஊர் முகப்பில் நடப்பட்டபோதுதான் எங்களுக்குத் தெரிந்தது. பதினோரு குடும்பத்து ஆறப்போட்ட நிலமும் ஒரே நாளில் காடாகிவிட்டது. பயிர் வைத்திருந்த நிலம் களைத்துப் போய் மூன்றாம் ஆண்டு விரல் தடிமனில் மரவள்ளி தந்தது. திரும்பிப் போக நிலமில்லாமல் ஒவ்வொரு குடும்பமாகப் புறப்பட்டது. போகும்போது ஒருவரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். என் வீட்டைத் தாண்டும்போது தலையைக் குனிந்துகொண்டு போனார்கள்.

8. ஆற்றுக்கு அக்கரையில் எண்ணெய்ப் பனை நடுவதற்காக ஒரு குன்று முழுவதையும் எந்திரத்தால் வழித்துவிட்டார்கள். அது எல்லைக்கு வெளியே, அனுமதி பெற்றது, இவ்வலுவலகத்தின் பொறுப்பில் வராது என்று தெரிவிக்கப்பட்டேன். எனவே அதைப் புகாராகச் சேர்க்கவில்லை. அங்கே பறவைகள் இல்லாததால் காலையில் எனக்கு வெகுதூரத்திலிருந்தே எந்திரச் சத்தம் கேட்கிறது என்பதை மட்டும் குறிப்பிடுகிறேன்.

9. நான் சொன்னது பொய் என்பதற்குச் சான்றுகள்: (அ) என் மகள் நெலிதாவின் திருமணத்துக்கு வேண்டிய மரவள்ளி முழுதும் இந்தக் கொல்லையிலிருந்தே பிடுங்கியது. திருமண நாள் பங்குக் கோயில் பதிவேட்டில் 16.08.2008 என்று இருக்கிறது. (ஆ) கடைசியாகச் சுட்ட கட்டைகள் இன்னும் மக்காமல் கரியோடு நிற்கின்றன. (இ) நிலத்தை விட்டுப் போகும்போது நாலு மூலையிலும் குவாபா மரம் வைப்பது வழக்கம். என் மரங்களைக் கட்டிப் பிடித்தால் இப்போதும் என் இரு கைகளும் தாராளமாகச் சேர்கின்றன. பதினெட்டு ஆண்டு மரம் அப்படிப் பிடிபடாது.

10. இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். சொபா-சொபா என்று எங்களிடம் கைமாற்று வேலை உண்டு. இன்று எல்லாரும் உன் கொல்லையில், நாளை எல்லாரும் என் கொல்லையில். அரை ஹெக்டேர் என்றால் இரண்டு காலை வேலை. பாட்டும் கேலியுமாகப் போய்விடும். தனியாக ஒருவன் காடு வெட்டுவதை எங்கள் ஊரில் யாரும் பார்த்ததே இல்லை. சென்ற மாதம் நான் பத்தொன்பது நாள் வெட்டினேன். மரம் சாயும்போது "விலகு!" என்று கத்துவது வழக்கம். யாருமில்லை என்று தெரிந்தும் ஒவ்வொரு மரத்துக்கும் கத்தினேன்.

11. மகளுக்குப் பிரசவம் பார்க்க ஒரு மாதம் என்று தாரபோத்தோ நகரத்துக்குப் போன லிதியா போய்ப் பதினான்கு மாதம் ஆகிறது. போகுமுன் சொன்னாள்: "மழையில வளராத காடு உன் வாயில வளந்துடுச்சு. வளத்தவனே அதுல குடியிரு." குடியிருக்கிறேன். கோபம் தீர்ந்து வருவாள் என்று அவள் தட்டையும் கழுவி வைக்கிறேன்.

12. ஆகவே தாழ்மையுடன் வேண்டுவது: முதலாவதாக, 2015 பதிவில் என் பெயருக்கு எதிரே உள்ள பதினெட்டை அடித்து ஏழு என்று எழுத வேண்டும். பொய் சொன்னதற்கு என்ன தண்டனை உண்டோ அதை எனக்கு மட்டும் விதிக்க வேண்டும். மற்ற பத்துப் பேரும் நான் தொடங்கியதால் சொன்னார்கள்.

இரண்டாவதாக, தாங்களோ தங்கள் அலுவலர்களோ நேரில் வந்து பதினோரு நிலங்களையும் பார்வையிட வேண்டும். அந்தந்த நிலத்துக்காரர் உடனிருந்து மூலை மரங்களைக் காட்ட வேண்டும் என்பதால், அவர்களுக்கு முத்திரையிட்ட அழைப்பாணை அனுப்ப வேண்டும். அவர்கள் இப்போது இருக்கும் முகவரிகள் இத்துடன் இணைக்கப்பட்டுள்ளன. லிதியா சங்கமாவுக்கும் ஒன்று தேவை. திருமணத்துக்கு மரவள்ளி பிடுங்கியவர்களில் அவளும் ஒரு சாட்சி.

ஆணை தங்கள் பெயரில் போகவேண்டும் என்று வற்புறுத்திக் கேட்டுக்கொள்கிறேன். நான் மூன்று முறை ஆள் மூலம் சொல்லி அனுப்பினேன். யாரும் வரவில்லை. அரசாங்கம் கூப்பிட்டால் வருவார்கள்.

வரும் தேதியை ஒரு வாரம் முன்பே தெரிவித்தால், கடலை அரைத்துவிட்ட கோழிச் சாறு எல்லாருக்கும் செய்துவைப்பேன். பள்ளிக்கூடத்தைக் கூட்டிவிட்டேன். பதினோரு வீட்டுப் பெஞ்சுகளும் போட்டிருக்கிறேன்.

பதிவைத் திருத்த விதியில் இடமில்லை என்று தாங்கள் ஏற்கெனவே முடிவு செய்திருந்தாலும், அம்முடிவைத் தபாலில் அனுப்பாமல், ஊராரை வரவழைத்து, எல்லார் முன்னிலையிலும் என்னிடம் படித்துக் காட்டுமாறு மன்றாடிக் கேட்டுக்கொள்கிறேன்.

இடம்: பூக்கா யாக்கு
நாள்: 09.07.2018

தங்கள் வரவை எதிர்நோக்கும்,
எவாரிஸ்தோ தப்புயிமா
(மனுதாரர், ஊர்ச் செயலாளர், ஊரார்)