பன்னிரண்டாம் தொகுதி

இன்று காலை புத்தக அலமாரியைத் துடைத்துக்கொண்டிருந்தேன். நம் படக்கதையின் ஏழாம் தொகுதிக்குள்ளிருந்து ஈரம் உறிஞ்சும் சின்னப் பொட்டலம் ஒன்று தரையில் விழுந்தது. கூலிம் ஹைடெக் பூங்காவில் நீ வேலை பார்த்த தொழிற்சாலையில் பெட்டியைப் பிரித்ததும் குப்பைக்குப் போகும் பொட்டலம். அவற்றை நீ பொறுக்கி எடுத்து வந்து, வெயிலில் காயவைத்து, உன் புத்தகங்களுக்குப் போக மிச்சத்தை அலோர் ஸ்டார் மெர்கோங்கில் இருக்கும் என் வீட்டுக்கும் கொண்டுவந்து வைப்பாய். மழை மாதத்தில் வழுவழுத் தாள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டுவிடும் என்று உனக்குப் பயம். நான் குளிரூட்டும் ஏர்கோன் பழுதுபார்த்துப் பிழைக்கிறவன். ஈரத்தைப் பற்றி எனக்கே பாடம் நடத்தியவன் இந்தக் கெடா மாநிலத்தில் நீ ஒருவன்தான்.

போன ஞாயிறு உன் வீட்டுக்குப் போயிருந்தேன். அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். நீ போய் ஒரு வருசத்துக்கு மேல் ஆகிறது. இதற்கு முன்பு எழுத உட்கார்ந்தபோதெல்லாம் உன்மேல் கோபம்தான் வந்தது. இப்போது இல்லை. ஏன் இல்லை என்பதை வரிசையாகத்தான் சொல்வேன், நடுவில் குறுக்கிடாதே.

பள்ளிக்கூட நாளில் நாம் படித்த படக்கதையின் முகமூடி வீரனின் பெயர் நமக்கு வாயில் நுழைந்ததே இல்லை. ரப்பர் தோட்டத்தில் கணக்கெழுதிய கிராணி வீட்டில் வேண்டாம் என்று கட்டிப்போட்ட பழைய தாள்களில் ஏழு இதழ்கள் கிடைத்தன. ஏழுக்கும் அட்டை கிடையாது, வரிசையும் கிடையாது. ஆங்கிலம் நமக்குப் பாதிதான் புரிந்தது. அதனால் அவன் ‘நம்ம ஆளு’ ஆகிவிட்டான். கடைசியாகப் படித்த இதழில் நம்ம ஆளு இடிந்த பாலத்திலிருந்து கீழே விழுந்துகொண்டிருப்பான், மிச்சம் அடுத்த இதழில் என்று போட்டிருக்கும். அந்த அடுத்த இதழ் நம் தோட்டத்துக்கு வரவே இல்லை. முப்பது வருசம் அவனை அந்தரத்தில் விட்டுவிட்டு நாம் கல்யாணம் செய்தோம், கடன் வாங்கி வீடு கட்டினோம், தலையில் நரையும் கண்டோம்.

அந்தத் தொடர் முழுவதையும் பன்னிரண்டு கெட்டி அட்டைத் தொகுதிகளாகப் போட்டிருக்கிறார்கள் என்று தெரிந்த அன்று நீ போனில் கத்திய கத்தலில் என் கையிலிருந்த ஸ்பானர் விழுந்தது. “டேய், பாலத்துலேர்ந்து விழுந்தவன் என்னா ஆனான்னு தெரியப்போவுதுடா!” என்றாய். நாற்பத்து நான்கு வயது ஆளின் குரல் மாதிரியா இருந்தது அது?

ஒற்றைப்படைத் தொகுதிகளை நான் வாங்குவது, இரட்டைப்படையை நீ வாங்குவது என்று முடிவானது. சட்டம் போட்டது நீ. வாங்கியவன் முதலில் படிப்பான். புத்தகம் வீட்டு வாசலைத் தாண்டக் கூடாது. மற்றவன் வந்து, உட்கார்ந்து, படித்துவிட்டுப் போக வேண்டும். கதையில் ஒரு சொல்கூட முன்கூட்டிச் சொல்லக் கூடாது. “இரவல் குடுத்தா தூசி, ஈரம், சட்டினி. வந்து படி” என்பாய். தூசியும் சட்டினியும் வெறும் சாக்கு என்று எனக்கு வெகு நாள் புரியவில்லை. அந்தச் சட்டம் இல்லாவிட்டால் மெர்கோங்கிலிருந்து சிடாம் கிரியில் இருக்கும் உன் வீட்டுக்கு நான் தீபாவளிக்குத் தீபாவளிதான் வந்திருப்பேன். நீ போட்ட சட்டத்தால் ஐந்து வருசத்தில் எத்தனை ஞாயிறுகள் கிடைத்தன எனக்கு!

நீ படிக்கிற அழகே தனி. கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, துடைத்து, மின்விசிறிக்குக் கீழே ஒரு நிமிடம் காட்டிவிட்டுத்தான் அட்டையைத் தொடுவாய். பக்கத்தை மேல் மூலையில் பிடித்துத் திருப்புவாய். முதல் தடவை எழுத்தைப் படிக்கவே மாட்டாய், படம் மட்டும்தான். தொழிற்சாலையில் நாள் முழுக்கப் பூதக்கண்ணாடி வழியாகக் கீறல் தேடுகிற கண் அது. நான் நூறு பக்கம் ஓடிப்போன இடத்தில் நீ ஒரு கட்டத்தில் நின்றுகொண்டிருப்பாய். “இங்க பாரு, எல்லாரும் இவன் சண்டையப் பாக்குறாங்க. பின்னால அந்த ஜன்னல்ல ஒருத்தி துணி எடுக்குறா பாரு. மழ வரப்போவுது. அடுத்த பக்கத்துல மழ” என்பாய். அடுத்த பக்கத்தில் மழை பெய்துகொண்டிருக்கும். எனக்குப் புல்லரிக்கும், ஆனால் வெளியே காட்டிக்கொள்ள மாட்டேன். வேலையில் உடம்பு முழுக்க வெள்ளை உடை, தலைமூடி, முகமூடி என்று கண் மட்டும் தெரிய நிற்கும் உன் படத்தைக் காட்டி, “நாங்களும் முகமூடி ஆளுங்கதான் லா. பறக்கத்தான் விடமாட்டேங்கறானுங்க” என்று சொல்லிச் சிரித்ததும் நீதான்.

நான் எதையும் கடைசிப் பக்கத்திலிருந்து படிக்கிறவன். நீ அதைக் கேட்டுக் காதைப் பொத்திக்கொள்வாய். பாலத்திலிருந்து விழுந்தவன் பிழைத்தது மூன்றாம் தொகுதியிலேயே தெரிந்துவிட்டது, ஆனால் கதை பன்னிரண்டு வரை போனது. எட்டாம் தொகுதியில் நம்ம ஆளின் தம்பி இறந்துபோவது உனக்கு இரண்டு மாதம் முன்பே தெரியும். நான் அவன் பிழைத்துவிடுவான் என்று உன்னிடம் பந்தயம் கட்டினேன். முகத்தில் ஒரு கோடு அசையாமல் பந்தயத்தை ஏற்றுக்கொண்டாயே, பாவி!

பன்னிரண்டாம் தொகுதி வந்த வாரம்தான் உன்னை சுங்கைப்பட்டாணி ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். பித்தப்பையில் கல்லு, எடுத்துவிட்டால் சரியாகிவிடும் என்று உன் மனைவி மல்லிகாவிடமும் சொன்னாய், என்னிடமும் சொன்னாய். இரண்டு பேரும் நம்பினோம். மூன்று வாரம், ஒரு நாள் விட்டு ஒரு நாள் வந்தேன். அந்த மூன்று வாரமும் அறையில் ஒரே கூத்து. பக்கத்துக் கட்டிலில் இருந்த சீனத்துக் கிழவருக்கு, உன் சட்டத்தை நீயே உடைத்து வாசல் தாண்டிக் கொண்டுவந்திருந்த புத்தகத்தைக் காட்டி, மலாயில் நம்ம ஆளின் பெருமையை அளந்துகொண்டிருந்தாய்.

ஒரு நாள் நான் உள்ளே வந்தபோது நீ கடைசிப் பக்கத்தில் இருந்தாய். சட்டென்று மூடினாய். கண் நனைந்திருந்தது.

“என்னாடா, செத்துட்டானா?” என்றேன்.

“சொல்ல மாட்டேன். வீட்டுக்கு வந்து படி.”

“அழுவுறியேடா.”

“பெரிய படம்டா. பாத்துட்டே இருந்தா கண்ணு கலங்காதா?” என்று சொல்லிவிட்டுப் பேச்சை என் மகனின் பரீட்சைக்குத் திருப்பினாய். நானும் விட்டுவிட்டேன். அடுத்த வாரம் நீ இல்லை. புற்றுநோய் ஈரலில் ஆரம்பித்து எங்கெங்கோ பரவியிருந்தது என்றும், உனக்கு அது முதலிலிருந்தே தெரியும் என்றும் டாக்டர் அப்புறம் சொன்னார்.

சவப்பெட்டியை மூடும் முன்பு, உனக்குப் பிடித்ததை உன்னோடு வைக்கச் சொன்னார்கள். உன் சித்தப்பா வெற்றிலை பாக்கு வைத்தார். யாரோ உன் கறுப்புத் தொப்பியை வைத்தார்கள். மல்லிகா உள்ளே போய் அந்தப் பன்னிரண்டாம் தொகுதியைக் கொண்டுவந்து உன் நெஞ்சின் மேல் வைத்தாள். வைத்த பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“அண்ணே, கடைசியா இததான் கையில வெச்சிருந்தாரு. நீங்க படிச்சிட்டீங்கதானே?”

“படிச்சிட்டேம்மா” என்றேன்.

மின்சுடலைக்குள் நீ போனாய், முப்பது வருசத்துக்கு மேல் நான் காத்திருந்த முடிவும் உன்னோடு போனது. அந்த நேரத்தில் எனக்கு அந்த நினைப்பும் வந்தது என்பதைச் சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

கேள், இனிமேல் நடந்ததுதான் உனக்குத் தெரியாதது. “படம் பாக்குற வயசாங்க இது?” என்று உன்னை ஏசிக்கொண்டிருந்த மல்லிகா, மூன்றாம் மாதம் இரண்டாம் தொகுதியை எடுத்துப் படித்திருக்கிறாள். ஒன்றும் புரியவில்லை என்று எனக்குப் போன் செய்தாள். ஒன்றாம் தொகுதி உங்களிடம் இருக்கிறதா என்றாள். கொண்டுவந்து தருகிறேன் என்றேன். “வேணாண்ணே. புஸ்தகம் வாசலத் தாண்டக் கூடாதுன்னு சொல்வாரு. நானே வர்றேன்.” வந்தாள். ரயிலேறி அலோர் ஸ்டார் வந்து, என் வீட்டு வரவேற்பறையில் உட்கார்ந்து, கையைக் கழுவிவிட்டுப் படித்தாள். இப்படியே ஒற்றைப்படைக்கு இங்கே, இரட்டைப்படைக்கு அங்கே. என் மனைவிக்கும் அவளுக்கும் இப்போது நான் நடுவில் தேவையே இல்லை.

பதினொன்றை முடித்த அன்று புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள்.

“பன்னெண்டுல என்னா ஆவுதுண்ணே? நான்தான் அத அவரோட அனுப்பிட்டேனே. நீங்க சொல்லுங்க.”

ஆரம்பித்துவிட்டேன். பெரிய சண்டை நடந்தது, கோட்டை எரிந்தது, எதிரி காலில் விழுந்தான் என்று அடித்துவிட்டேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அண்ணே, பொய்தானே சொல்றீங்க? பொய் சொன்னா நீங்க காதத் தடவுவீங்கன்னு அவரு சொல்லியிருக்காரு.”

கையைக் கீழே இறக்கினேன். படிக்கவில்லை என்று ஒப்புக்கொண்டேன்.

“அன்னிக்கே சொல்லியிருந்தா எடுத்துக் குடுத்திருப்பேனே!” என்று என்மேல் பாய்ந்தாள்.

“புருசனப் பறிகொடுத்துட்டு நிக்கிற. ஒங்கிட்ட எப்படிம்மா புஸ்தகம் கேப்பேன்?”

மடியிலிருந்த புத்தகத்தை மேசைமேல் வைத்தாள். பிறகு சிரிக்க ஆரம்பித்தாள். நீ போன பிறகு அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. “அவரு மட்டும் பாத்திருந்தா, பொட்டியிலேர்ந்து எந்திரிச்சி நம்ம ரெண்டு பேத்தையும் ஏசியிருப்பாரு லா” என்றாள். எரித்தது நான், வாங்கித் தருவதும் நான்தான் என்று கிளம்பினாள். அச்சில் இல்லை என்றார்கள். உன் தொழிற்சாலை ஆட்களிடமெல்லாம் சொல்லிவைத்தாள். எட்டு மாதம் கழித்து, பினாங்கில் ஒரு கடையில் ஒரே ஒரு பிரதி இருக்கிறது என்று ஒருவர் கண்டுபிடித்துச் சொன்னார்.

போன ஞாயிறு அதைப் படித்தோம். வாங்கியவள் முதலில் படிக்கலாம், ஆனால் அவள் பிரிக்கவே இல்லை. உன் மேசையில் பக்கத்துப் பக்கத்தில் நாற்காலி போட்டு, முதல் பக்கத்திலிருந்து ஒவ்வொன்றாகப் பார்த்தோம். நானும் கடைசிப் பக்கத்தைத் திருப்பிப் பார்க்கவில்லை. நம்பு.

முடிவு உனக்குத் தெரியும். யாரும் சாகவில்லை. கோட்டை எரியவில்லை. மூன்று தொகுதிகளாக ஊர் ஊராக அலைந்தவன் முகமூடியைக் கழற்றிப் பையில் வைத்துக்கொண்டு, மழையில் நனைந்து, தன் தெருவில் நடக்கிறான். கடைசியில் முழுப்பக்கத்துக்கு ஒரே படம். கதவு திறந்திருக்கிறது. உள்ளே விளக்கு. கதவைப் பிடித்த ஒரு பெண்ணின் கை மட்டும் தெரிகிறது. அவன் குனிந்து காலில் இருக்கும் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருக்கிறான். அந்தப் பக்கத்தில் எழுத்தே இல்லை.

ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்து நீ எதைப் பார்த்து அழுதாய் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. பக்கத்தில் மல்லிகா அந்தக் கதவின்மேல் விரலை வைத்தாள். கையைக் கழுவித் துடைத்திருந்தாள்தான்.

“வீட்டுக்கு வந்துட்டாருண்ணே” என்றாள்.

“ஆமாம்மா” என்றேன்.

நோயை எங்களிடம் ஏன் மறைத்தாய் என்று ஒரு வருசமாக உன்னைத் திட்டிக்கொண்டிருந்தேன். உனக்கு முடிவு தெரியும். இனி தன் வீட்டு வாசலை மிதிக்கப்போவதில்லை என்று தெரிந்தே அந்தப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவன், நான் வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டு என் மகனின் பரீட்சையைப் பற்றிக் கேட்டாய். எங்களுக்கு மட்டும் அது தெரிந்திருந்தால் அந்த மூன்று வாரமும் அறையில் அழுகைதான் இருந்திருக்கும். நீ விடவில்லை. இவ்வளவு தைரியம் அந்த முகமூடிக்காரனுக்கே கிடையாது, மச்சான். நாம் மூன்று பேரும் அங்கே சிரித்த சிரிப்பு அவ்வளவும் என்னிடம் பத்திரமாக இருக்கிறது.