தன் தீர்ப்பைத் தானே தொடாத கோர்ட்டு

செவ்வாய், இரவு.

சங்கத் தேர்தல் வழக்கில் தீர்ப்பைத் திருத்தச் சொல்லி அதே கோர்ட்டில் போட்ட என் சீராய்வு மனுவும் இன்று தள்ளுபடி. ஒருவர் ஒரு வேட்பாளரைத்தான் முன்மொழியலாம். ஆனால் ஷிப்டில் யார் வேட்புமனுப் பேப்பரை நீட்டினாலும் கையெழுத்துப் போடுவது எங்கள் வழக்கம். கூட வேலை பார்க்கும் முருகேசன் எனக்கும் போட்டான், எதிராளிக்கும் போட்டான். அப்படியானால் முதலில் கொடுத்ததுதான் செல்லும்; அது என்னுடையது. தீர்ப்பில் அதை இரண்டாவது என்று எழுதி, செல்லாததாக்கிவிட்டார்கள்.

“சாட்சியத்தை மறுபடி அலசித்தான் இந்தத் தப்பைக் காட்டணும். அதுக்கு சீராய்வுல எடம் இல்லீங்க. அப்பீல்தான்” என்றார் வக்கீல்.

“எழுதுனவங்களே திருத்தக் கூடாதாங்க?” என்று கேட்டாள் மனைவி.

அப்பீல் முடிவதற்குள் நான் ரிட்டயர் ஆகிவிடுவேன். குவார்ட்டர்ஸும் போகும், சங்கத்தில் ஓட்டும் போகும்.

படிக்காமல் கையெழுத்துப் போட்ட முருகேசனாவது தீர்ப்பு வந்த அன்றைக்கே வீடு தேடி வந்து, “தப்புதாண்ணே” என்றான்.